உங்கள் பரணில் இருக்கும் கேசட்டுகள்: இராமநாதபுரம் கடற்கரை சவுண்ட் சர்வீஸ்காரர்களுக்கு ஒரு திறந்த மடல்

தொண்டியிலிருந்து மூக்கையூர் வரைக்கும் கடலோர ஊர்களில் மைக் செட், ரேடியோ செட், சவுண்ட் சர்வீஸ் என்று பல பெயரில் தொழில் செய்கிற, செய்து ஓய்ந்த அண்ணன்மார்களுக்கும் மாமாக்களுக்கும், கீழக்கரை, பெரியபட்டினம், ஏர்வாடிக் காக்காமார்களுக்கும் வணக்கமும் சலாமும்.

நேராகவே கேட்டுவிடுகிறேன். நாடகம், முளைப்பாரி, சந்தனக்கூடு, தேர்ப்பவனி, கல்யாணம் என்று நீங்கள் மைக் கட்டிய இடங்களில் பதிவு செய்த கேசட்டுகள் கடைப் பரணிலோ வீட்டு அலமாரியிலோ இன்னும் கிடக்கின்றனவா? கிடந்தால் தயவுசெய்து எறியாதீர்கள். அவற்றின் மேல் வேறு எதையும் பதியாதீர்கள். இந்த வருடமே அவற்றைக் கம்ப்யூட்டரில் ஏற்றிவிடுவோம். அதில் பாதி வேலையை நான் செய்கிறேன். எந்தக் கேசட்டில் யார் குரல், எந்த ஊர், எந்த வருடத் திருவிழா என்று சொல்லும் மீதிப் பாதி உங்களால்தான் ஆகும்.

நான் பாம்பன்காரன். மதுரையில் ஹாஸ்டலில் தங்கிப் படித்தபோது பக்கத்து அறை நண்பன் ஒருவன் எழுதிக் கொடுத்த சிடி மூலமாக ஸ்மாஷிங் பம்ப்கின்ஸ் என்ற அமெரிக்க ராக் குழு எனக்கு அறிமுகமானது. சிகாகோ நகரத்துக் குழு. ஆல்டர்நேட்டிவ் ராக் என்பார்கள். அடுக்கடுக்காகக் கிட்டார், விடாமல் உருளும் டிரம்ஸ், அதற்கு மேல் பில்லி கார்கன் என்பவரின் மூக்கால் பாடுகிற குரல். முதலில் கேட்டபோது எனக்கே பிடிபடவில்லை, அப்புறம் விடவும் முடியவில்லை. உங்களுக்கு அந்தப் பாட்டு பிடிக்க வேண்டும் என்று நான் கேட்கவில்லை. அந்தக் குழுவின் ரசிகர்கள் செய்த வேலையைத்தான் உங்களுக்குச் சொல்ல வேண்டும். இந்த மடலை எழுதும் எண்ணம் எனக்கு அங்கிருந்துதான் வந்தது.

2000ஆம் வருடம் அந்தக் குழு கலையும் நிலையில் இருந்தது. கடைசியாக ஒரு தொகுப்பு தயாராக இருந்தது, மெஷினா 2 என்று பெயர். பாட்டுக் கம்பெனி அதை வெளியிட முன்வரவில்லை. கார்கன் அந்த செப்டம்பரில் வெறும் 25 செட் இசைத்தட்டு மட்டும் அச்சடித்தார். ஒரு செட்டில் இரண்டு பெரிய தட்டு, மூன்று சின்னத் தட்டு. அவற்றை நண்பர்களுக்கும் சில ரசிகர்களுக்கும் கொடுத்து, இதை இணையத்தில் ஏற்றி எல்லோருக்கும் இலவசமாகப் பரப்புங்கள் என்றார். உலகம் முழுக்கப் பெயர் பெற்ற ஒரு குழு, தன் பாட்டைக் கடைக்கு அனுப்பாமல் கேட்பவர்கள் கையில் ஒப்படைத்தது.

அவர்கள் அந்தப் பொறுப்பை எடுத்துக்கொண்ட விதம்தான் எனக்குப் பெரிதாகப் படுகிறது. தட்டை ஓடவிட்டுக் கம்ப்யூட்டரில் ஏற்ற வேண்டும். ஒருவர் ஏற்றியதில் கொரகொரப்பு அதிகம், இன்னொருவரிடம் நல்ல ஊசியும் நல்ல மெஷினும் இருந்ததால் சுத்தமாக வந்தது. ஆகவே ஒரே தொகுப்பு பல பிரதிகளாகச் சுற்றியது. ரசிகர்கள் சும்மா கேட்டுவிட்டுப் போகவில்லை. இந்தப் பிரதி எந்தத் தட்டிலிருந்து வந்தது, யார் ஏற்றியது, எதில் என்ன குறை என்று பிரித்து எழுதி வைத்தார்கள். நல்ல பிரதி வந்தபின்னும் பழையதை அழிக்கவில்லை. பல வருடங்களுக்கு அந்தப் பாட்டுகளை உலகம் கேட்டது இவர்கள் கை வழியாகத்தான்.

அதே வருடம் டிசம்பர் 2ஆம் தேதி சிகாகோவில் மெட்ரோ என்ற அரங்கில் பிரிவுக் கச்சேரி. நான்கு மணி நேரத்துக்கு மேல் நடந்தது. வந்தவர்களுக்கு ஒரு சிடி கொடுத்து அனுப்பினார்கள். அதில் இருந்தது, அதே அரங்கில் 1988 அக்டோபர் 5 அன்று அந்தக் குழு வாசித்த கச்சேரியின் பதிவு. யோசித்துப் பாருங்கள். 1988ல் அவர்கள் யாரென்றே ஊருக்குத் தெரியாது. அன்று ஓடிய டேப்பை பன்னிரண்டு வருடம் எறியாமல் வைத்திருந்ததால்தான் அந்த ராத்திரி அதைக் கையில் கொடுக்க முடிந்தது.

இன்னொரு குழுவின் கதை உங்களுக்கு இன்னும் நெருக்கம். வாஷிங்டன் நகரத்து ஃபுகாஸி. 1987 முதல் 2003 வரை ஆயிரத்துக்கும் மேற்பட்ட மேடைகள் ஏறிய குழு. அதில் 800க்கும் மேற்பட்ட கச்சேரிகளுக்குப் பதிவு இருக்கிறது. பதிவு செய்தது யார் தெரியுமா? கம்பெனி இல்லை, ரேடியோ இல்லை. கூடவே போன சவுண்ட் ஆட்கள். மிக்ஸர் பக்கத்தில் நின்றவர்கள் பதிவு செய்யும் டெக் ஒன்றையும் செருகி ஓடவிட்டார்கள், அவ்வளவுதான். முதலில் கேசட், பிறகு டிஜிட்டல் டேப், அப்புறம் சிடி. அந்தப் பெட்டிகளையெல்லாம் திறந்து 2011 முதல் ஒவ்வொன்றாக எல்லோரும் கேட்கும்படி வெளியே விட்டார்கள். ஒரு கச்சேரிக்கு ஐந்து டாலர் என்று சொல்லி, முடிந்ததைக் கொடுங்கள் என்று விட்டார்கள். ஒவ்வொரு பதிவோடும் அன்று டிக்கெட் எவ்வளவு, எத்தனை பேர் வந்தார்கள், யார் பதிவு செய்தது, சத்தம் எந்தத் தரம் என்றெல்லாம் குறிப்பு இருக்கும். தரம் சுமார் என்றால் சுமார் என்றே போட்டிருப்பார்கள். சுமாரானதும் அங்கே இருக்கும்.

மிக்ஸர் பக்கத்தில் நின்றவர்கள் என்று எழுதும்போது எனக்கு உங்கள் முகங்கள்தான் வந்தன. இந்தக் கடற்கரையில் அந்த இடத்தில் நின்றவர்கள் நீங்கள்தானே.

எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் நம் பக்கத்தில் ஒரு திருவிழா என்றால் விடிய விடிய மைக் செட் ஓடும். மேடையில் நாடகம். ஆர்மோனியக்காரர் ராகம் பிடித்து நீட்ட, ராஜபார்ட் தர்க்கம் பண்ண, பபூன் இடையில் புகுந்து ஊர்ப் பெரியவர்களை வம்புக்கு இழுக்க, கீழே மணலில் பாய் விரித்து மொத்த ஊரும் உட்கார்ந்திருக்கும். நாடகக்காரர்கள் அச்சில் இருக்கிற பாட்டை அப்படியே பாடுவதில்லை. வள்ளிக்கும் நாரதருக்கும் நடக்கிற தர்க்கம் ஊருக்கு ஊர் மாறும், ராத்திரிக்கு ராத்திரி மாறும். அன்று அந்த மேடையில் பிறந்த வரி வேறு எங்கும் எழுதப்படவில்லை. ஆம்ப்ளிஃபயரின் பின்னாலிருந்து ஒரு வயரை டேப் ரிக்கார்டருக்கு இழுத்து நீங்கள் பதிவு செய்த கேசட்டில் மட்டும்தான் இருக்கிறது. சிலர் ஆசைக்குப் பதிவு செய்தீர்கள். சிலர், அடுத்த ஊர்க் கமிட்டிக்குப் போட்டுக் காட்டி நாடகம் பேச வசதியாக இருக்கும் என்று பதிவு செய்தீர்கள். எதற்காக என்றாலும் சரி, பதிவு இருக்கிறது.

முளைப்பாரிக்கு வந்தால், கும்மிப் பாட்டை எடுத்துக் கொடுக்கும் அக்காவுக்கு முன்னால் யாராவது ஒரு மைக்கைப் பிடித்திருப்பார்கள். அந்த அக்காக்களில் பலர் இன்று இல்லை. அவர்கள் பாடிய வரிசை, சுற்று மாறும்போது தாளத்தை மாற்றிய விதம், மகள்களுக்கே பாதிதான் ஞாபகம் இருக்கிறது. கீழக்கரைப் பக்கம் தப்ஸ் அடித்துப் பாடிய பைத்து என்ற இஸ்லாமியப் பாட்டு, ஏர்வாடி சந்தனக்கூட்டு ராத்திரியில் வெளியூரிலிருந்து வந்து பாடிப்போன பக்கீர்மார்கள், தங்கச்சிமடத்திலும் மூக்கையூரிலும் தேர்ப்பவனிக்கு முன்னால் பாடிய பழைய மன்றாட்டுப் பாடல்கள், ஏசுவின் பாடுகளை நடிக்கும் பாஸ்கா நாடகத்தின் ஒப்பாரிகள். இவையெல்லாம் ஒரே சவுண்ட் சர்வீஸ்காரரின் ஒரே பெட்டிக்குள் பக்கத்துப் பக்கத்தில் கிடப்பது நம் கடற்கரையில் சாதாரணம். ஏனென்றால் கோயிலுக்கும் தர்காவுக்கும் மாதா கோயிலுக்கும் மைக் கட்டியது அதே ஆள்தான். வேறு எந்த ஆவணக் காப்பகத்திலும் இப்படி ஒரு பெட்டி கிடைக்காது.

இராமநாதபுரத்தில் 1925ல் பிறந்த நாகூர் ஹனிபாவின் குரல் தொலையாது. அவர் பாட்டுகளைக் கம்பெனிகள் தட்டாகவும் கேசட்டாகவும் ஆயிரக்கணக்கில் விற்றன. அவருடைய பாட்டைக் கேட்டு வளர்ந்து, அதே மெட்டில் தன் ஊர்ப் பெயரை வைத்துக் கட்டிப் பாடிய பெரியபட்டினத்து வாலிபரின் பாட்டு? அதற்கு ஒரு கேசட்தான். அதுவும் உங்களிடம்தான்.

கரைவலை இழுக்கும் பாட்டை யாராவது பதிவு செய்திருக்கிறீர்களா என்று தெரிந்துகொள்ள எனக்கு மிகவும் ஆசை. தனுஷ்கோடிப் பக்கம், தேவிபட்டினம் பக்கம் வலை இழுப்பவர்கள் ஏலேலோ போட்டு இழுத்த காலம் உண்டு. அங்கே மைக் செட்டுக்கு வேலை இல்லை. ஆனாலும் யாரோ ஒரு அண்ணன் புது டேப் ரிக்கார்டர் வாங்கிய ஜோரில் கரைக்குக் கொண்டுபோய்ப் பதிவு செய்திருப்பார் என்று நம்புகிறேன். அப்படி ஒரு கேசட் இருந்தால், காற்றுச் சத்தம் பாதி, பாட்டு பாதி என்று இருந்தாலும், அதை முதலில் எடுங்கள்.

கம்பெனியோ அரசாங்கமோ பார்த்துக்கொள்ளும் என்று சிலர் சொல்கிறார்கள். பார்த்துக்கொண்ட லட்சணத்துக்கு இரண்டு உதாரணம் போதும். 2008 ஜூன் 1 அன்று ஹாலிவுட்டில் யூனிவர்சல் வளாகத்தில் தீப்பிடித்தது. பெரிய பெரிய பாடகர்களின் மூல டேப்புகள் இருந்த கிடங்கு எரிந்தது. எவ்வளவு போனது என்ற பேச்சு வெளியே வந்ததே 2019ல்தான், பதினொரு வருடம் கழித்து. அதே 2019ல் மைஸ்பேஸ் என்ற நிறுவனம், தன்னிடம் பல வருடங்களாகக் குழுக்கள் ஏற்றி வைத்திருந்த பாட்டுகள் சர்வர் மாற்றும்போது தொலைந்துவிட்டதாகச் சொன்னது. பன்னிரண்டு வருடப் பாட்டு. அதில் ஏறக்குறைய 4,90,000 பாட்டுகள் மட்டும் திரும்பக் கிடைத்தன. எப்படி? ஆராய்ச்சிக்காக யாரோ முன்பே இறக்கி வைத்திருந்த பிரதியிலிருந்து. பிரதி வேறு இடத்தில் இருந்தது, அதனால் தப்பியது.

எதிர்க்கரையில் 1981ல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிந்தபோது ஒரே பிரதியாக இருந்த சுவடிகளும் புத்தகங்களும் போயே போய்விட்டன. அந்த மக்களில் இருந்துதான் 2005ல் தன்னார்வலர்கள் சேர்ந்து நூலகம் என்ற மின்னூலகத்தைத் தொடங்கினார்கள். நம் பக்கத்திலும் ஒருவர் இருந்தார். பழைய இராமநாதபுரம் மாவட்டத்துக் கோட்டையூரில் ரோஜா முத்தையா, தனி ஆளாகப் புத்தகமும் பத்திரிகையும் நோட்டீசும் சேர்த்து வீட்டை நிறைத்தவர். அவர் 1992ல் காலமான பிறகு அந்தச் சேகரிப்பைச் சிகாகோ பல்கலைக்கழகம் வாங்கி, 1994ல் சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமாக அது நிலைத்தது. அதே சிகாகோதான். ஒரு சாதாரண ஆள் பிடிவாதமாகச் சேர்த்தால் அது எங்கே போய் நிற்கும் என்பதற்கு நம் மண்ணிலேயே சாட்சி இருக்கிறது.

நம் கேசட்டுகளுக்கு நேரம் குறைவு. எங்கள் பகுதியில் ஒரு திருவிழாக் கமிட்டி, மண்டபத்துக்கு வெள்ளையடிக்கும்போது இடத்தை அடைக்கிறது என்று ஒரு டிரங்குப் பெட்டி நிறையக் கேசட்டைக் காயலான் கடைக்குப் போட்டுவிட்டது. எடைக்கு எடுத்தவர் பிளாஸ்டிக் தனியாக, டேப் தனியாகப் பிரித்துவிட்டார். நான் கேள்விப்பட்டுப் போனபோது சுருள் சுருளாக முள்வேலியில் தொங்கியது. அதில் எந்தெந்த வருட நாடகம் இருந்தது என்று சொல்லக்கூடியவரும் இப்போது உயிரோடு இல்லை. அந்தக் கமிட்டியில் கெட்ட எண்ணம் யாருக்கும் இல்லை. அது பாட்டு என்று அவர்களுக்கு யாரும் எடுத்துச் சொல்லவில்லை.

எறியாமல் வைத்திருந்தாலும் கடல் விடாது. உங்களுக்குத் தெரியாததா? உப்புக் காற்றில் ஆம்ப்ளிஃபயர் மூடியின் ஸ்க்ரூவே இரண்டு வருடத்தில் துரு ஏறி நிற்கிறது. கேசட்டுக்குள் இருக்கும் டேப் மெல்லிய பாலியெஸ்டர் நாடா. அதன் மேல் காந்தத் தூளைப் பசை போட்டு ஒட்டியிருக்கிறார்கள். ஈரம் ஏறினால் அந்தப் பசை இளகுகிறது, தூள் உதிர்ந்து, டேப்பைப் படிக்கும் ஹெட்டில் ஒட்டுகிறது. நாடாவை ஹெட்டோடு அழுத்திப் பிடிக்கும் சின்னப் பஞ்சுத் துண்டு கழன்று விழுகிறது. வெள்ளையாகப் பூஞ்சை பிடித்த கேசட்டை அப்படியே ஓடவிட்டால் பூஞ்சை டெக்கில் ஏறி அடுத்தடுத்த கேசட்டுக்கும் பரவும். அந்த மாதிரிக் கேசட்டை மட்டும் தனியாக எடுத்து வையுங்கள், போட்டுப் பார்க்காதீர்கள்.

உடனே செய்யக்கூடியவை சில உண்டு. கேசட்டின் முதுகுப் பக்கம் இரண்டு ஓரத்திலும் சின்ன பிளாஸ்டிக் பல் இருக்குமே, இரண்டையும் உடைத்துவிடுங்கள். பிறகு பேரப்பிள்ளை தெரியாமல் சிவப்பு பட்டனை அமுக்கினாலும் பாட்டு அழியாது. அடுத்தது உங்கள் தொழிலுக்கே உரிய ஆபத்து. ஸ்பீக்கர் பாக்ஸ் அடுக்கி வைத்திருக்கும் அறையிலேயே கேசட் பெட்டியும் இருக்கிறது என்றால் இன்றே வேறு அறைக்கு மாற்றுங்கள். பதினைந்து இஞ்சு ஸ்பீக்கரின் காந்தம் கேசட்டுக்குப் பக்கத்தில் இருக்கக் கூடாது. கடல் பார்த்த சுவரை ஒட்டியும் வேண்டாம், தகரக் கூரைக்கு அடியிலும் வேண்டாம். படுக்க வைக்காமல் புத்தகம் போல நிறுத்தி வையுங்கள். மூடியுள்ள டப்பாவுக்குள் சிலிக்கா ஜெல் பாக்கெட் போட்டால் நல்லது. செருப்புக் கடையில் கேட்டாலே கொடுப்பார்கள்.

கம்ப்யூட்டரில் ஏற்றுகிற விஷயத்தில் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். செல்போனை ஸ்பீக்கர் முன்னால் வைத்துப் பதிவு செய்து வாட்ஸ்அப் குழுவில் போடுவது, ஊர்க்காரர்கள் கேட்டுச் சந்தோஷப்பட உதவும். அதைப் பாதுகாப்பு என்று நினைத்துக் கேசட்டைக் கைவிட்டுவிடாதீர்கள். நல்ல டெக்கின் லைன் அவுட்டிலிருந்து வயர் வழியாகவே எடுக்க வேண்டும். எம்பி3ஆக முதலில் எடுக்கக் கூடாது. அது கோப்பைச் சின்னதாக்க சத்தத்தின் ஒரு பகுதியை வெட்டி எறிகிறது, வெட்டியது திரும்பி வராது. 24 பிட், 48 கிலோஹெர்ட்ஸ் என்ற அளவில் வேவ் கோப்பாக எடுத்தால் 90 நிமிடக் கேசட்டுக்குச் சுமார் ஒன்றரை ஜிபிதான் ஆகும். இன்றைய ஹார்ட் டிஸ்க்கில் அது ஒரு பொருட்டே இல்லை. ஃபிளாக் என்ற முறையில் சுருக்கினால் ஒரு துளி சத்தமும் இழக்காமல் ஏறக்குறைய பாதியாகிவிடும். நான் சொன்ன ராக் ரசிகர்கள் வருடக்கணக்காக இதில் பிடிவாதமாக இருந்தார்கள். எம்பி3ஐ மறுபடி சிடியில் எழுதி நல்ல பிரதி என்று சுற்றவிட்டவர்களிடம் கடுமையாகச் சண்டை போட்டார்கள். அந்தச் சண்டை நியாயமானது என்றே நான் நினைக்கிறேன்.

அவர்கள் இன்னொன்றும் செய்தார்கள். இரைச்சலைக் குறைக்கிறேன், பாஸ் ஏற்றுகிறேன் என்று மூலப் பிரதியில் கை வைக்க மாட்டார்கள். முதலில் டேப்பில் உள்ளதை உள்ளபடி ஏற்றி அப்படியே பூட்டி வைப்பார்கள். சுத்தம் செய்வதெல்லாம் அதன் நகலில்தான். உங்களில் பலருக்கு எக்கோ போடாமல் இருக்கக் கை வராது, எனக்குத் தெரியும். மூலத்தில் மட்டும் வேண்டாம் அண்ணே. மற்றபடி, ஹெட்டுக்குப் பக்கத்தில் இருக்கிற ஸ்க்ரூவை நூல் அளவு திருப்பி மங்கிய குரலைத் தெளிய வைக்கிற வித்தை என்னைவிட உங்களுக்குத்தான் நன்றாக வரும். அது இந்த வேலையின் உயிர். ஒவ்வொரு கேசட்டும் வெவ்வேறு டெக்கில் பதிந்தது, ஒவ்வொன்றுக்கும் அந்தச் சாய்வு மாறும். லேப்டாப் தெரிந்த பையன்களுக்கு இது தெரியாது. அவர்களுக்குச் சொல்லிக் கொடுத்துவிட்டுப் போங்கள்.

ஏற்றும்போதே ஒரு நோட்டில் குறிப்பு எழுத வேண்டும். ஊர், கோயில் அல்லது பள்ளிவாசல், வருடம், பாடியவர்கள், வாசித்தவர்கள், மைக் செட் யாருடையது, என்ன டெக். வருடம் சரியாகத் தெரியாவிட்டால், எந்தப் புயலுக்கு முந்திய திருவிழா என்றோ யார் தலைவராக இருந்தபோது என்றோ எழுதினாலும் போதும். சொன்னதைச் சொன்னபடி எழுதலாம், பிறகு ஒத்துப்பார்த்துக்கொள்ளலாம். அப்படியே கேசட்டின் அட்டையையும் போட்டோ எடுத்து வைக்க வேண்டும். அதில் உங்கள் கையெழுத்து இருக்கிறது.

இதை வைத்து யாராவது காசு பார்ப்பார்களே என்ற பயம் உங்களுக்கு இருக்கும், நியாயம்தான். கேசட் காலத்தில் அந்த ரசிகர்களிடையே ஒரு கட்டுப்பாடு இருந்தது. உன்னிடம் இல்லாத கச்சேரி என்னிடம் இருந்தால், நீ வெற்றுக் கேசட்டும் தபால் செலவும் அனுப்பு, நான் பதிவு செய்து அனுப்புகிறேன். அதற்கு மேல் ஒரு பைசா வாங்கக் கூடாது. விற்றவனிடம் யாரும் பிறகு பரிமாற்றம் வைத்துக்கொள்ள மாட்டார்கள். ஒருவர் ஐந்து பேருக்கு, அந்த ஐவர் ஆளுக்கு ஐந்து பேருக்கு என்று கிளைவிட்டுப் போகும். இன்று இன்டர்நெட் ஆர்க்கைவ் என்ற பொதுக் காப்பகத்தில் இப்படி ரசிகர்கள் பதிவு செய்த மேடைக் கச்சேரிகள் இரண்டு லட்சத்துக்கும் மேல் இருக்கின்றன, ஸ்மாஷிங் பம்ப்கின்ஸ் கச்சேரிகளும் அதில் உண்டு. குழுவின் சம்மதம் இருந்தால்தான் அங்கே ஏற்றுவார்கள்.

நாமும் சம்மதம் கேட்டுத்தான் செய்ய வேண்டும். நம் நாட்டுப் பதிப்புரிமைச் சட்டத்திலும் மேடையில் பாடியவருக்கு, வாசித்தவருக்கு 50 வருட உரிமை இருக்கிறது. சட்டம் இல்லாவிட்டாலும் கேட்பதுதான் மரியாதை. பாடியவர் இருந்தால் அவரிடம், இல்லாவிட்டால் பிள்ளைகளிடம். முதலில் அவர்கள் வீட்டுக்கு ஒரு பிரதி கொடுப்போம். அம்மாவின் கும்மிப் பாட்டை முப்பது வருடம் கழித்துக் கேட்கிற உரிமை மற்ற எவருக்கும் முன்னால் அந்த மகளுக்குத்தான். துஷ்டி வீட்டில் பதிவான ஒப்பாரியை எந்தக் காரணத்துக்காகவும் பொதுவில் ஏற்றக் கூடாது என்பது என் கருத்து. ஆராய்ச்சி செய்பவர்கள் என்னோடு மாறுபடலாம். அது அந்தக் குடும்பத்தின் அழுகை, அவர்கள் கையிலேயே இருக்கட்டும். பைத்து, மன்றாட்டு போன்றவற்றுக்கு ஜமாஅத்திடமும் பங்குத்தந்தையிடமும் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்வோம். கமிட்டிக்காரர்களும் இதைப் படித்தால், உங்கள் மண்டபத்து டிரங்குப் பெட்டியை ஒரு தடவை திறந்து பாருங்கள்.

இதையெல்லாம் யார் கேட்கப்போகிறார்கள் என்று ஒரு மாமா என்னிடம் கேட்டார். இவருக்கு முன்னால் பாடிய ராஜபார்ட்டோடு ஒப்பிட்டால் இவர் சுமார்தான், இந்தக் கேசட் எதற்கு என்றும் கேட்டார். ஸ்மாஷிங் பம்ப்கின்ஸ் ரசிகர்களிடம் ஒரே பாட்டின் மேடைப் பதிவுகள் எத்தனையோ உண்டு. சுருதி விலகிய நாள், கிட்டார் கம்பி அறுந்த நாள், பாடுகிறவர் கோபத்தில் பாதியில் நிறுத்திய நாள் எல்லாம் இருக்கும். பாட்டு எப்படி வளர்ந்தது, எந்த ஊரில் எந்த வரி சேர்ந்தது என்று அவற்றை வரிசையாகக் கேட்டால்தான் புரியும். நம் நாடகத் தர்க்கத்துக்கு இது இன்னும் பொருந்தும். சுமாரான ராஜபார்ட்டிடம் அவர் குருவின் உச்சரிப்பு ஒட்டிக்கொண்டிருக்கும். அந்தக் குருவுக்குப் பதிவே இருக்காது. அதனால் மாமா, நல்லது எது, சுமார் எது என்று இப்போது நீங்களும் நானும் பிரிக்க வேண்டாம். எல்லாவற்றையும் ஏற்றுவோம்.

ஏற்றியதை மூன்று இடத்தில் வைப்போம். ஒன்று உங்களிடம் ஒரு ஹார்ட் டிஸ்க்கில், ஒன்று பாடியவர் ஊரில் பள்ளிக்கூடத்திலோ வாசகசாலையிலோ, மூன்றாவது இந்தக் கடற்கரைக்கு வெளியே. ரோஜா முத்தையா நூலகம் போன்ற ஒரு இடத்தையும், 1982ல் இசைப் பதிவுகளுக்கென்றே தொடங்கி, இப்போது டெல்லிக்குப் பக்கத்தில் இயங்கும் இசை இனவரைவியல் ஆவணக் காப்பகத்தையும் கேட்டுப் பார்க்கலாம். நம் ஊரில் புயல் வந்தால் நம் ஊரில் உள்ள பிரதிகள் எல்லாம் ஒரே ராத்திரியில் நனையும். 1964 டிசம்பரில் புயல் தனுஷ்கோடியை அழித்த பிறகு இதை நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

புரட்டாசியில் கல்யாண வேலை இருக்காது, உங்களுக்கும் கொஞ்சம் ஓய்வு கிடைக்கும். ஐப்பசி மழை பிடிப்பதற்கு முன்னால் முடிக்க வேண்டும், ஈரக் காற்றில் பழைய டேப்பை ஓடவிட எனக்குப் பயம். சர்வீஸ் செய்த இரண்டு டெக், ஒரு லேப்டாப், ஹெட் துடைக்க ஐசோபுரொப்பைல் ஆல்கஹால், புது ஹார்ட் டிஸ்க் எல்லாம் நானே கொண்டுவருகிறேன். கேசட் உங்கள் கடையைவிட்டு வெளியே போக வேண்டாம், உங்கள் கண் முன்னாலேயே ஏற்றலாம். முதலில் பாம்பன், தங்கச்சிமடம், மண்டபம். அப்புறம் பெரியபட்டினம், கீழக்கரை, ஏர்வாடி வழியாக மூக்கையூர். வடக்கே தேவிபட்டினம், திருப்பாலைக்குடி, தொண்டி. ஓடாத கேசட்டையும் அறுந்த கேசட்டையும்கூட ஒதுக்காமல் எடுத்து வையுங்கள். அறுந்ததை ஒட்டலாம், ஓடு உடைந்திருந்தால் வேறு ஓட்டுக்கு மாற்றலாம். நான் வருவதற்குள் உங்களால் ஒன்று முடியுமானால், உங்களோடு அந்தக் காலத்தில் மைக் கட்டப் போன பையன்கள் யார் யார், இப்போது எந்த ஊரில் இருக்கிறார்கள் என்று ஒரு தாளில் எழுதி வையுங்கள். அவர்களிடமும் சில கேசட்டுகள் இருக்கும்.

அன்புடன்,
பாம்பன்காரன் ஒருவன்